ஐம்பத்திரண்டு நொடி ஊர்வலம்

குமுதினி தேவ்தரோடு உட்கார்ந்து டிவி பார்க்க அவள் புருஷனே துணிவதில்லை. பழைய காலத்தைக் காட்டும் ஆவணப்படம் ஏதாவது ஓடினால் போதும், புணே சதாசிவ பேட்டையின் அந்த மூன்றாவது மாடியிலிருந்து அவள் குரல் கீழே ஸ்கூட்டர் நிறுத்துகிறவர்களுக்கும் கேட்கும். "நாப்பத்திரண்டாம் வருஷம்னு சொல்லிட்டு அம்பத்தெட்டாம் வருஷத்து பஸ்ஸைக் காட்டறான்! அந்த முகப்பு விளக்கைப் பாருங்க! கண்ணு தெரியாதா இவனுக்கு?" பஸ் போய், பேசினவர் போய், சோப்பு விளம்பரமும் வந்துவிடும். குமுத் இன்னும் அந்த பஸ்ஸை விட்டு இறங்கியிருக்க மாட்டாள்.

வம்புக்காகச் செய்கிற காரியம் இல்லை, அதுதான் அவள் பிழைப்பு. ஊரில் உள்ள ஒரு திரைப்படக் காப்பகத்தில் முப்பத்தோரு வருட வேலை. சரித்திரப் படம் எடுக்கிறவர்கள் வந்து, "அந்தக் காலத்து ரயில் ஒண்ணு வேணும் தாயி" என்பார்கள். அங்கே அக்காவைத் தாயி என்றுதான் கூப்பிடுவது. "எந்தக் காலம், எந்த ஊர், எந்தப் பாதை?" என்பாள் குமுத். இந்த மூன்று கேள்வியிலேயே பாதிப் பேர் டீ குடித்துவிட்டு வருவதாகச் சொல்லிக் கழன்றுகொள்வார்கள். தாக்குப்பிடித்து நிற்பவர்களுக்கு, கேட்ட வருடத்தில் கேட்ட தண்டவாளத்தில் ஓடிய அதே ரயிலை எடுத்துக் கொடுப்பாள். கூடவே, என்ஜினில் எட்டிப் பார்ப்பவர் பெயரைக்கூடச் சில சமயம் சொல்வாள்.

காப்பகத்தில் ஒவ்வொரு படச்சுருளுக்கும் ஒரு அட்டை உண்டு. என்ன படம், எந்த ஊர், எந்த வருடம், யார் கொடுத்தது என்று அதில் எழுதியிருக்கும். பெரும்பாலான அட்டைகள் குமுத்தின் கையெழுத்து. அடையாளம் கேட்கவே வேண்டாம். பள்ளிக்கூடத்தில் பிரம்பால் அடித்தும் மாறாத இடதுகைக்காரி அவள். எழுதிய மையின் மேலேயே கையை இழுத்துக்கொண்டு போவதால் அவள் எழுத்துக்கெல்லாம் வால் முளைத்திருக்கும். அந்த இடத்துக்கு ஒரு வழக்கமும் உண்டு. அட்டையில் தப்பாக எழுதிவிட்டால் அழிக்கக் கூடாது; சிவப்பு மையில் ஒரே ஒரு கோடு அடித்து, பக்கத்தில் சரியானதை எழுதி, கையெழுத்தும் தேதியும் போட வேண்டும். யார் எப்போது ஏமாந்தார்கள் என்பது எல்லாருக்கும் தெரிய வேண்டுமாம். தன் அட்டைகளில் சிவப்புக் கோடே கிடையாது என்பதில் குமுத்துக்கு இருந்த கர்வம் கொஞ்சநஞ்சமல்ல. மேலதிகாரிகள் மாறி மாறி வந்தார்கள். கர்வம் மட்டும் அப்படியே இருந்தது.

அப்படியிருக்கையில் படத்துண்டு தேடி நிரஞ்சன் சப்னீஸ் வந்து சேர்ந்தான். முப்பத்து மூன்று வயது, நல்ல பையன், நாலு ஆவணப்படம் எடுத்தவன். அவனிடம் ஒரே ஒரு குறை. சிக்கல் எது வந்தாலும் "யாருக்குத் தெரியப்போகுது?" என்பான். குமுத்துக்கு உலகத்திலேயே பிடிக்காத இரண்டு வார்த்தை அவைதான்.

இம்முறை அவன் எடுத்தது விலைவாசிப் படம். எழுபதுகளின் தொடக்கத்தில் சர்க்கரையும் எண்ணெயும் மண்ணெண்ணெயும் கடையிலிருந்து காணாமல் போனபோது, மகாராஷ்டிரத்துப் பெண்கள் பூரிக்கட்டையும் தட்டுமாகத் தெருவில் இறங்கினார்களே, அந்தக் கதை. பெரிய நகரத்து ஊர்வலங்களுக்குப் படம் இருந்தது. சோனவடி என்ற நெசவாளர் ஊருக்குத்தான் ஒன்றும் இல்லை. ஆனால் அந்த ஊரில்தான் இந்துபாயி இருந்தாள்.

இந்துமதி கட்டேவுக்கு எண்பத்து நாலு வயது. எழுபத்து மூன்றில் சோனவடிப் பெண்களைத் திரட்டி ரேஷன் கிடங்கு வரைக்கும் நடத்திப்போனவள். முந்நூறு பேர் வந்தார்கள் என்பது அவள் கணக்கு. 'சுமார் நாற்பது பெண்கள்' என்று அன்றைக்கு எவரோ ஒரு அதிகாரி எழுதிவைத்துவிட்டுப் போய்விட்டார். போதாதா? மராட்டியில் நாற்பதுக்கு சாலீஸ். ஐம்பது வருடமாக அந்த ஊர் ஆண்கள் அவளைச் சாலீஸ்பாயி என்றுதான் கூப்பிட்டார்கள். டீக்கடைக்காரன் கூப்பிட்டான், கோயில் பூசாரி கூப்பிட்டார், அவள் மருமகனே ஒரு தீபாவளிக்குக் கூப்பிட்டு, அந்தத் தீபாவளிக்கு இனிப்பில்லாமல் திரும்பிப் போனான்.

"செருப்புத் தைக்கிறவன் கடைக் கூரை மேல ஸ்டூடியோக்காரர் பாபுராவ் ஏறி நின்னு சினிமா காமிராவால எடுத்தாருடி பொண்ணே," என்று போனில் குமுத்திடம் சொன்னாள் இந்துபாயி. "அதைக் கண்டுபிடி. நான் செத்தப்புறம் கண்டுபிடிச்சு என்ன பிரயோஜனம்? சாலீஸ்பாயி செத்தாள்னு போஸ்டர் அடிச்சுருவானுங்க."

"வேற யாரெல்லாம் வந்தாங்க, அடையாளம் சொல்லுங்க."

"யமுனா வந்தா! இடது கால்ல மாவுக்கட்டு. நடக்க முடியாது. வீட்ல இருடின்னா கேக்கலை. அவ புருஷன் தோண்டிபா வாழைப்பழ வண்டியில உக்கார வச்சுத் தள்ளிட்டு வந்தான். ஊர்வலத்துல ஒரே ஆம்பளை அவன்தான். அதைச் சொன்னா அவனையும் கிண்டல் பண்றானுங்க, பாவம். பழ வியாபாரத்துக்குப் போனவன் கூட்டத்துல மாட்டிக்கிட்டான்னு."

குமுத் தேடினாள். அந்த வாரம் முழுக்க மராட்டிப் பெட்டிகளை எல்லாம் இறக்கி ஏற்றினாள். பாபுராவின் மகளைக் கண்டுபிடித்துப் பேசினாள். "அப்பா காமிரா, ரீல் எல்லாத்தையும் அகமதாபாத் பழைய சாமான் வியாபாரி ஒருத்தருக்கு வித்துட்டாரே" என்றாள் அவள். அகமதாபாத் பழைய சாமான் கடைக்குப் போன சுருள் இத்தனை வருடத்தில் எந்தக் குப்பையில் கிடக்கிறதோ! குமுத்துக்கு மனசே விட்டுப்போயிற்று.

புதன்கிழமை நிரஞ்சன் வந்தான். சனிக்கிழமைக்குள் படத்தை முடித்துக் கொடுத்தாக வேண்டும்.

"தாயி, படம் கிடைக்கலைன்னா சோனவடியையே தூக்க வேண்டியதுதான். பாட்டி பேசறது மட்டும் நாலு நிமிஷம், பின்னால காட்ட ஒண்ணுமில்லை. ஆனா ஒரு வழி இருக்கு. உங்ககிட்ட ஒரு குஜராத் படத்துண்டு இருக்குல்ல? எழுபத்து நாலு, பெண்கள் தட்டு அடிக்கிறது, ஐம்பத்திரண்டு நொடி? ஊமைப்படம்தானே. போர்டு கீர்டு ஒண்ணும் தெரியலை. அதைச் சோனவடின்னு போட்டுட்டா..."

"போட்டுட்டா?"

"யாருக்குத்..." என்று ஆரம்பித்தவன், அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான்.

நிறுத்தியும் பயன் இல்லை. "அந்தப் பொம்பளைங்களுக்குத் தெரியும்டா!" என்று குமுத் எழுந்துவிட்டாள். "வெயில்ல நடந்தது அவங்க. அவங்க மூஞ்சியை எடுத்து இன்னொரு ஊர்ப் பேரை ஒட்டுவியா? உங்கம்மா கல்யாண ஃபோட்டோவுல பக்கத்து வீட்டுக்காரியை வச்சு ஒட்டினா சும்மா இருப்பியா? அது குஜராத். அட்டை எழுதினது நான். அதைச் சோனவடின்னு காட்டினா படத்துல என் பேரு இருக்கக் கூடாது, சொல்லிட்டேன்."

நிரஞ்சன் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினான். ஆனாலும் விடாக்கண்டன். அந்தத் துண்டைச் சோனவடி இடத்தில் பொருத்தி, படத்தை அவளுக்கே அனுப்பிவைத்தான். 'திட்டுவீங்கன்னு தெரியும். ஒரு தடவை பாத்துட்டுத் திட்டுங்க' என்று கீழே ஒரு வரி.

வியாழன் மதியம். ஒன்றிலிருந்து நாலு வரை புணேயில் கடை அடைத்துவிட்டுத் தூங்குவார்கள்; உலகம் புரண்டாலும் அந்த மூன்று மணி நேரம் அவர்களுடையது. குமுத்தின் வீட்டுக்குக் கீழ்த்தளத்தில் பலகாரக் கடை வைத்திருக்கும் ஹன்ஸாபென் மட்டும் தூங்கமாட்டாள். அவள் குஜராத்தி, ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு மறுநாளைக்கு காக்ரா என்ற மொறுமொறு ரொட்டிக்கு மாவு தேய்த்துக்கொண்டிருப்பாள். மனசு சரியில்லாத நாளில் குமுத்துக்குப் போக்கிடம் அந்தக் கடைதான். அன்றைக்கு மடிக்கணினியோடு போய், மாவு டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்துப் படத்தை ஓட விட்டாள்.

இருபத்தேழு வருடத்துக்கு முன்னால் ஒரு தரம் பார்த்துவிட்டு அட்டை எழுதியது. அதற்கப்புறம் அந்தத் துண்டை அவள் பார்க்கவே இல்லை. மேலிருந்து எடுத்த படம். தலைகள், தட்டுகள், ஏந்திய கைகள். சத்தமே இல்லாமல் அத்தனை சத்தம்.

"யாரு இவங்க?" என்று எட்டிப் பார்த்தாள் ஹன்ஸாபென்.

"உங்க ஊர்க்காரங்கதான். எழுபத்து நாலு."

"எங்க ஊரா?" ஹன்ஸாபென் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தாள். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தாள். "குமுத், உனக்குக் கண்ணு அவிஞ்சு போச்சா? எங்க முந்தானை எப்படி வரும்? பின்னாலேர்ந்து வலது தோளுக்கு மேல முன்னால வரும். இவளுங்களுக்கு முன்னாலேர்ந்து பின்னால போய், சுத்தி வந்து இடுப்புல சொருகியிருக்கு. அது உங்க ஆளுங்க சொருகற சொருகு."

"ஆனா வலது தோளு. உங்களுக்குத்தானே வலது தோளு. அதைப் பாத்துத்தானே நான் அட்டைல..."

"தோளு கிடக்கட்டும். கையைப் பாரு." ஹன்ஸாபென் தன் பூரிக்கட்டையாலேயே திரையைச் சுட்டிக்காட்டினாள். "எல்லாரும் இடது கையில கட்டையைப் புடிச்சிருக்காளுங்க. ஒருத்தி விடாம! இத்தனை இடதுகைக்காரிங்களை எந்த ஊர்லேர்ந்துடி புடிச்சே? அத்தனை பேரும் உன் சொந்தமா?"

குமுத்துக்குப் பேயறைந்தது போல ஆயிற்று. பிறந்ததிலிருந்து இடது கையால் மாவு தேய்க்கிறவள், இடது கையில் கரண்டி பிடிக்கிறவள். தட்டை வலதிலும் கட்டையை இடதிலும் பிடித்தவர்களைப் பார்த்தபோது அவளுக்கு வித்தியாசமாகவே படவில்லை. அவளும் அப்படித்தானே அடிப்பாள்! பஸ்ஸின் விளக்கை வைத்து வருடம் சொல்கிற கண், இருபத்தேழு வருடம் இதைப் பார்க்காமல் விட்டிருக்கிறது.

"கண்ணாடி இருக்கா?"

"மூஞ்சியா பாக்கப்போறே இப்போ?"

"கண்ணாடி குடு ஹன்ஸாபென்!"

கல்லாப்பெட்டிக்கு மேலே தொங்கிய சின்னக் கண்ணாடியை ஹன்ஸாபென் கழற்றிக் கொடுத்தாள். குமுத் அதைத் திரைக்கு எதிரே பிடித்து, படத்தை முதலிலிருந்து ஓட விட்டு, கண்ணாடிக்குள் பார்த்தாள். கட்டைகள் எல்லாம் வலது கைக்கு வந்தன. முந்தானைகள் எல்லாம் இடது தோளுக்கு வந்தன. மராட்டிப் பெண்கள், அச்சு அசலாக! முப்பத்தெட்டாவது நொடியில் கூட்டம் விலகியது. வாழைப்பழ வண்டியில், இடது காலை மாவுக்கட்டோடு நீட்டிக்கொண்டு ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். தட்டைப் போட்டு வெளுத்துக்கொண்டிருந்தாள். வண்டியைத் தள்ளியவன் காந்தித் தொப்பி போட்ட ஒல்லி மனிதன்.

"யமுனா!" என்று கத்திவிட்டாள் குமுத். முன்பின் பார்த்திராத ஒருத்தியை, பிறந்த வீட்டுக்காரி வந்துவிட்டது போலக் கூப்பிட்டாள். ஹன்ஸாபென்னைக் கட்டிக்கொண்டாள். இரண்டு பேர் புடவையிலும் மாவு. ஹன்ஸாபென்னுக்கு ஒன்றும் புரியாவிட்டாலும் சந்தோஷத்துக்குக் காரணம் எதற்கு என்று அவளும் சேர்ந்து சிரித்தாள்.

காப்பகத்துக்கு ஓடிப்போய் மூலச்சுருளை எடுத்தபோது எல்லாம் விளங்கியது. அது இரண்டு ஓரத்திலும் துளை உள்ள பழைய சுருள். எந்தப் பக்கம் மாட்டினாலும் ஓடும். மருந்து பூசிய பக்கம் எது என்று தொட்டுப் பார்த்துவிட்டு மாட்ட வேண்டும். முதல் பாடமே அதுதான். இருபத்தேழு வருடத்துக்கு முன் ஏதோ ஒரு அவசரத்தில் குமுத் தொட்டுப் பார்க்காமல் புரட்டி மாட்டியிருக்கிறாள். நகலும் அப்படியே இடவலம் மாறிப்போயிற்று. அட்டையில் வால் முளைத்த எழுத்தில், 'குஜராத், 1974. பெண்கள், பெயர் தெரியவில்லை. வந்தது: அகமதாபாத் பழைய சாமான் வியாபாரி.' பாபுராவின் மகள் சொன்ன அதே வியாபாரி. மூக்கின் முன்னாலேயே கிடந்திருக்கிறது.

சந்தோஷம் ஒரு பக்கம் இருக்க, வெட்கம் வந்து கன்னத்தைச் சுட்டது. இன்னொரு ஊர்ப் பேரை ஒட்டுவியா என்று அந்தப் பையனை வாங்கு வாங்கென்று வாங்கினாளே! ஒட்டியவள் அவள் அல்லவா? ஐம்பது வருடக் கேலியில் இருபத்தேழு வருடத்துக்கு அவள் அல்லவா பொறுப்பு? சிவப்பு மைப் பேனா மேலதிகாரியின் மேசையில் இருந்தது. போய்க் கேட்டு வாங்கினாள். முதல் முறையாகத் தன் அட்டையில் ஒரு கோடு அடித்தாள். அந்தக் கோட்டுக்கும் ஒரு வால் முளைத்தது.

நிரஞ்சனைப் போனில் கூப்பிட அவளுக்கு மனம் வரவில்லை. நேரிலேயே எடிட்டிங் அறைக்குப் போனாள்.

"நீ போட்ட துண்டு சோனவடிதான்டா."

அவன் நாற்காலியிலிருந்து விழாத குறை. விவரம் முழுக்கக் கேட்டான். சிரிப்பை அடக்கப் பார்த்தான், முடியவில்லை. "அப்ப நான் சொன்னதுதான் சரின்னு சொல்லுங்க தாயி!"

"நீ சொன்னது பொய்தான். அது பாட்டுக்கு உண்மையா இருந்து தொலைச்சிருக்கு, அதுக்கு நான் என்ன பண்ண? ரொம்பப் பல்லைக் காட்டாதே. சுருளைச் சரியா மாட்டி மறுபடி நகல் எடுக்கச் சொல்லியிருக்கேன், நாளைக்கு வரும். வந்ததும் உக்காந்து தலையை எண்ணு."

எண்ணினார்கள். ஒவ்வொரு படமாக நிறுத்தி, நிரஞ்சனும் குமுத்தும் தனித்தனியாக எண்ணி, ஒப்பிட்டு, மறுபடி எண்ணினார்கள். இருநூற்றுப் பதினேழு. குமுத் இந்துபாயிக்குப் போன் போட்டாள். கிடைத்துவிட்டது என்றதும் மறுமுனையில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

"எத்தனை பேர் இருக்கோம்?"

"இருநூத்திப் பதினேழு. நாப்பது இல்லை. ஆனா முந்நூறும் இல்லை, இந்துபாயி. நான் பாத்ததைத்தான் சொல்ல முடியும்."

"மிச்சப் பேரு அந்தாளு காமிராவைத் திருப்பறதுக்குள்ள சோறு வடிக்கப் போயிட்டாளுங்க," என்றாள் இந்துபாயி சட்டென்று. "ஞாயித்துக்கிழமை இங்க கொண்டுவந்து காட்டு. பூசாரியை முன் வரிசையில உக்கார வைக்கறேன்."

ஞாயிற்றுக்கிழமை சோனவடிப் பள்ளிக்கூட மண்டபத்தில் ஊசி போட இடமில்லை. ஜன்னல்களுக்குப் போர்வை கட்டியிருந்தார்கள். படம் குஜராத் என்ற பெயரில் கிடந்த கதையை நிரஞ்சன் முதலில் சொன்னான்; எழுதியது யார் என்று மட்டும் சொல்லவில்லை. படம் ஓட ஆரம்பித்ததுதான் தாமதம், இருட்டுக்குள் பெயர்கள் வெடிக்கத் தொடங்கின. "அது கோதாவரி!" "ஏ, எங்கம்மாடா!" "பச்சைக் கரை யாரு, சாளுபாயியா?" "நான்தான்டி அது, எவ்வளவு ஒல்லியா இருந்திருக்கேன் பாரு!" ஐம்பத்திரண்டு நொடியை ஆறு தரம் ஓட்ட வேண்டியதாயிற்று. குமுத் மடியில் ஒரு கட்டு புது அட்டையை வைத்துக்கொண்டு, கையெல்லாம் மையாக, பெயர்களை எழுதித் தள்ளினாள்.

வாழைப்பழ வண்டி வந்தபோது, பின் வரிசையில் ஒரு கிழவர் கைத்தடியை ஊன்றி எழுந்து நின்றார். தோண்டிபா. யமுனா போய்ப் பதினோரு வருடம் ஆகியிருந்தது. "பாத்தியா, தள்ளறேன் பாத்தியா?" என்றார் பக்கத்தில் இருந்தவரிடம். "மாட்டிக்கிட்டவன் மூஞ்சி மாதிரியா இருக்கு? அவளைப் பாரு, எப்படி அடிக்கறா பாரு!" கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது, வாய் சிரித்தது. மறுபடியும் ஓட்டச் சொல்லிக் கேட்டார். குமுத் இன்னும் மூன்று தரம் ஓட்டினாள். அவளுக்கும் கண்ணீரில் அட்டையின் எழுத்து தெரியவில்லை.

விளக்கு போட்டதும் இந்துபாயி மேடை ஏறினாள். பூசாரி முன் வரிசையில் தலையைக் குனிந்துகொண்டிருந்தார்.

"எல்லாம் சரி," என்றாள் இந்துபாயி. "எங்களை இத்தனை வருஷமா குஜராத்துன்னு எழுதி மூட்டை கட்டி வச்சிருந்தது எந்த மகராசி?"

நிரஞ்சன் பக்கத்திலிருந்து குமுத்தின் புடவையை இழுத்தான். சும்மா இருங்கள் தாயி, யாருக்கும் தெரியாது என்று அந்தக் கண் சொல்லிற்று. குமுத் எழுந்து நின்றாள்.

"நான்தான். சுருளைப் புரட்டி மாட்டி உங்க எல்லாரையும் இடதுகைக்காரிங்களா ஆக்கினதும் நான், அட்டை எழுதினதும் நான். நான் ஒழுங்கா தொட்டுப் பாத்திருந்தா இந்த அம்மாவைச் சாலீஸ்பாயின்னு கூப்பிடறதை இருபத்தேழு வருஷம் முன்னாடியே எல்லாரும் நிறுத்தியிருப்பாங்க. மன்னிச்சுக்கோங்க."

இந்துபாயி அவளை மேலும் கீழும் பார்த்தாள். அப்புறம் விரலை அசைத்து மேடைக்கு வரச் சொன்னாள். மேசை மேல், அந்த நாளில் கொண்டுபோன அதே பித்தளைத் தட்டும் பூரிக்கட்டையும் இருந்தன. தட்டு நடுவில் குழி விழுந்திருந்தது. இரண்டையும் எடுத்துக் குமுத்திடம் நீட்டினாள்.

"தண்டனை உண்டு. அன்னிக்கு நீ வரலை. இன்னிக்கு அடி. கிடங்கு வரைக்கும் கேக்கணும்."

குமுத் தட்டை வாங்கினாள், கட்டையை வாங்கினாள், யோசிக்காமல் ஓங்கி அடித்தாள். முன் வரிசையில் ஒரு பெண் எழுந்து விரலை நீட்டினாள்.

"ஐயோ, இடது கை! இவ அந்தப் புரட்டிப் போட்ட படத்துலேர்ந்து தப்பிச்சு வந்தவடி!"

மண்டபம் கூரை பறக்கச் சிரித்தது. இந்துபாயி வயிற்றைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். பெண்கள் பையிலிருந்தும் முந்தானையிலிருந்தும் தட்டுகளை எடுத்தார்கள். எல்லாரும் கொண்டுவந்துதான் இருந்தார்கள். அடித்த அடியில் ஜன்னல் போர்வை ஒன்று கழன்று விழுந்து வெயில் உள்ளே வந்தது. "அட்டையில உன் பேரையும் எழுதுடி, இருநூத்திப் பதினெட்டு!" என்று கத்தினாள் ஒருத்தி.

"முடியாது," என்றாள் குமுத் அடிப்பதை நிறுத்தாமல். "அன்னிக்கு வந்தவங்க பேருதான் அதுல இருக்கும்."

மேடைக்குக் கீழே பள்ளிக்கூடத்து டீச்சர் ஒருத்தி இதையெல்லாம் செல்போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தாள். குமுத் அவளைக் கவனித்துவிட்டாள். தட்டை இறக்கிக் குனிந்து, அந்தச் சத்தத்தை மீறிக் கேட்கும்படி அவளிடம் சொன்னாள்:

"இன்னிக்கே எழுதி வை. சோனவடி, ஞாயித்துக்கிழமை, தேதி போடு. எல்லார் பேரும் கேட்டு எழுது. ஒருத்தி மட்டும் இடதுகைக்காரி, அது நிஜம்தான்னு கீழே ஒரு வரி சேத்துக்கோ."